கண்வழி மனம் – 9: நீலகிரி ஏறிய இரண்டு கோடுகள்

ஈர்க்குச்சி ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். விரல் நீளத்தில் இரண்டு துண்டுகளாக, இம்மியும் பிசகாமல் ஒரே அளவில் நறுக்கி, மேசைமேல் ஒன்றின் கீழ் ஒன்றாக வையுங்கள். நான்கு தீக்குச்சிகளின் மருந்து முனையைக் கிள்ளிப் போட்டுவிட்டு, ஒவ்வொன்றையும் பாதியாக ஒடித்தால் எட்டுத் துண்டுகள் கிடைக்கும். மேலே உள்ள ஈர்க்கின் இரு முனைகளிலும் அம்பு முனைபோல, உள்நோக்கி மடங்கும்படி இரண்டிரண்டு துண்டுகளைச் சாய்த்து வையுங்கள். கீழே உள்ள ஈர்க்குக்கு நேர்மாறாக, மரக்கிளை கவைவிட்டு விரிவதுபோல வெளிநோக்கி வையுங்கள். இப்போது பாருங்கள். எது நீளம்?

சென்ற வாரம் எங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் இதைச் செய்து பார்த்தேன். மகன் பார்த்தவுடனே, "கீழே இருக்கிறதை மாத்திட்டீங்கப்பா" என்றான். அம்மாவுக்கு எதையும் கையால் தொட்டுப் பார்த்தால்தான் நம்பிக்கை வரும். கீழ் ஈர்க்கை எடுத்து மேல் ஈர்க்கோடு சேர்த்து வைத்து அளந்தார். இரண்டும் ஒன்றே. திரும்பவும் அதன் இடத்தில் வைத்தார். சற்று நேரம் உற்றுப் பார்த்துவிட்டு, "அளந்துட்டேன், ஒண்ணாத்தான் இருக்கு. ஆனா வெச்ச உடனே மறுபடி நீண்டுக்குதே!" என்றார்.

இந்த அத்தியாயத்தின் மர்மம் முழுவதும் அம்மா சொன்ன அந்த ஒரு வாக்கியத்தில் இருக்கிறது. இருட்டில் கயிற்றைப் பாம்பென்று மிரண்டவன் விளக்கைக் கொண்டுவந்து பார்த்தால், பாம்பு போய்விடும். பிறகு எத்தனை முறை பார்த்தாலும் கயிறுதான். நம் முன்னோர் மாயைக்கு உவமையாகச் சொன்னது அப்படிப்பட்ட மயக்கத்தை. இந்த ஈர்க்குச்சி மயக்கம் வேறு சாதி. உண்மை தெரிந்த பிறகும் அது போவதில்லை. அறிவு ஒன்று சொல்கிறது, பார்வை வேறொன்று சொல்கிறது. இரண்டும் ஒரே தலைக்குள் ஒன்றையொன்று சட்டை செய்யாமல் வாழ்கின்றன.

இதை 1889-ல் அச்சில் ஏற்றியவர் பிரான்ஸ் கார்ல் முல்லர்-லையர் என்ற ஜெர்மானியர். 1857-ல் பாடன்-பாடனில் பிறந்த மனநல மருத்துவர். பிற்காலத்தில் சமூகவியலுக்குப் போய், மனித சமுதாயம் படிப்படியாக வளர்ந்த கதையைப் பல தொகுதிகளாக எழுதினார். இன்று அவற்றைத் தேடிப் படிப்பவர் அரிது. அம்பு முனை போட்ட இரண்டு கோடுகள்தாம் அவர் பெயரை உலகெங்கும் சுமந்துகொண்டிருக்கின்றன.

சென்ற இதழில், துணியில் அச்சிட்ட கோலம் ஒன்றைப் பார்த்து 1860-ல் திடுக்கிட்ட வானியலாளர் ஸோல்னரைச் சந்தித்தோம். அவருக்குப் பின் வந்த முப்பது ஆண்டுகளில் இப்படிப்பட்ட கோட்டுப் படங்களை ஆராய்வது ஜெர்மன் ஆய்வுக்கூடங்களில் ஒரு பெரும் மோகமாகவே ஆகியிருந்தது. முல்லர்-லையரின் படம் வந்ததும் ஆளுக்கொரு விளக்கம் சொன்னார்கள். வெளிநோக்கிய சிறகுகளின் பின்னால் கண் கூடுதல் தூரம் ஓடிவிடுகிறது என்றார் உளவியலாளர் வுண்ட். குறுங்கோணத்தைப் பெரிதாகவும் விரிகோணத்தைச் சிறிதாகவும் மதிப்பிடும் பழக்கமே காரணம் என்றார் தத்துவ அறிஞர் பிரென்டானோ. கோட்டை மட்டும் பிரித்து மதிப்பிட முடியாமல் அதைச் சுற்றியுள்ள வெளியையும் சேர்த்தே மதிப்பிடுகிறோம் என்பது முல்லர்-லையரின் சொந்தக் கருத்து. கண் ஓடுவதால்தான் என்ற விளக்கம் வெகுகாலம் நிலைக்கவில்லை. கண் அசைய நேரமே இல்லாதபடி மின்னல்போலப் படத்தைக் காட்டி மறைத்தாலும் மயக்கம் அப்படியே இருக்கிறது.

இவர்கள் எல்லாருக்கும் பின்னால் விஞ்ஞானி ஹெல்ம்ஹோல்ட்ஸின் நிழல் விழுந்திருந்தது. 1867-ல் நிறைவுற்ற தம் ஒளியியல் பெருநூலில் அவர் சொன்னது இந்தத் தொடரில் முன்பே வந்திருக்கிறது: பார்ப்பது என்பது ஊகிப்பது. விழித்திரையில் விழுவது தட்டையான, அரைகுறையான செய்தி. மூளை தன் பழைய அனுபவத்தை வைத்து, நமக்குத் தெரியாமலே, 'வெளியே இருப்பது இன்னதாகத்தான் இருக்கும்' என்று முடிவு கட்டுகிறது. அந்த முடிவைத்தான் நாம் 'பார்த்தேன்' என்கிறோம். அவர் சொன்னது சரியென்றால் உடனே ஒரு கேள்வி எழுகிறது. அனுபவம் வேறாக இருக்கும் மனிதர்களுக்குப் பார்வையும் வேறாக இருக்குமா? காட்டில் பிறந்தவனுக்கும் கடைவீதியில் பிறந்தவனுக்கும் இரண்டு கோடுகள் ஒரேபோல் தெரியுமா?

இந்தக் கேள்விக்கு விடை தேடும் வேலை ஜெர்மனியை விட்டுக் கிளம்பி ஆஸ்திரேலியாவுக்கும் நியூ கினிக்கும் இடையே உள்ள டோரஸ் நீரிணைத் தீவுகளுக்குப் போனது. 1898-ல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் அனுப்பிய குழு அது. தலைவர் ஆல்பிரட் ஹாடன். குழுவில் இருந்த செலிக்மனை இலங்கை வாசகர்கள் அறிவார்கள்; பின்னாளில் வேடர்களைப் பற்றிய நூலை எழுதியவர் அவர்தான். நம் கதைக்கு வேண்டியவர் வில்லியம் ரிவர்ஸ். கேம்பிரிட்ஜில் புலன்களைப் பற்றிப் பாடம் நடத்திக்கொண்டிருந்த மருத்துவர்.

ரிவர்ஸைப் பற்றி ஒன்று சொல்லிவிட்டுப் போகவேண்டும். தமக்கு மனக்கண்ணில் எதுவும் தெரிவதில்லை என்று அவரே எழுதியிருக்கிறார். கனவில் தவிர, விழித்திருக்கும்போது ஒரு முகத்தையோ ஒரு வீட்டையோ நினைவில் படமாகக் கொண்டுவர அவரால் முடியாது. ஐந்து வயதுவரை வாழ்ந்த வீட்டின் மாடி எப்படி இருந்தது என்பதே அவர் நினைவிலிருந்து முற்றிலும் துடைக்கப்பட்டிருந்தது. மற்றவர்களின் பார்வையை இத்தனை பொறுமையாக அளந்த மனிதருக்கு உள்ளே ஒரு திரை மூடியே இருந்தது என்பதைப் படித்த நாளிலிருந்து, அவருடைய அட்டவணைகளை என்னால் வெறும் எண்களாகப் பார்க்க முடியவில்லை.

அந்தத் தீவுகளில் ஒன்றான மெர் தீவில் கைவிடப்பட்டுக் கிடந்த பாதிரிமார் வீடு ஒன்று ஆய்வுக்கூடமானது. 'கறுப்பு மனிதனுக்கு வெள்ளையனைவிடக் கண்ணும் காதும் கூர்மை என்று சிலர் சொல்கிறார்கள், உங்கள் கெட்டிக்காரத்தனத்தைப் பார்க்க வந்திருக்கிறோம், எல்லாம் பெரிய புத்தகத்தில் வரும்' என்று தீவுக்காரர்களிடம் சொல்லி அழைத்தார்கள். இது தந்திரம்தான், ரிவர்ஸ் அதை மறைக்காமல் அறிக்கையில் எழுதியும் வைத்தார். முல்லர்-லையர் சோதனைக்கென்று ஒரு சிறு கருவி இருந்தது. ஒரு கோடு நிலையாக இருக்கும். மற்றதை இழுத்து நீட்டலாம், தள்ளிக் குறுக்கலாம். இரண்டும் சமம் என்று தோன்றும் இடத்தில் நிறுத்தவேண்டும். எவ்வளவு தவறாக நிறுத்துகிறார்களோ அவ்வளவு மயக்கம். மொழிபெயர்ப்பின் குழப்பம் இல்லாத, கையே பதில் சொல்லும் சோதனை.

முடிவு 1901-ல் அச்சாகியது. கடலில் ஓடும் படகைத் தொடுவானத்தில் அடையாளம் காணும் தீவுக்காரர்களின் கண், அளந்து பார்த்தால், ஐரோப்பியக் கண்ணைவிட ஏதோ தெய்வீகக் கூர்மை உடையதல்ல. அவர்களுக்கு எதைப் பார்க்கவேண்டும் என்று தெரிந்திருந்தது, அவ்வளவே. முல்லர்-லையர் படத்திலோ அவர்கள் ஆங்கிலேயரைவிடக் குறைவாக ஏமாந்தார்கள். இன்னொரு படத்தில், நட்டுவைத்த கோட்டையும் படுக்கவைத்த கோட்டையும் ஒப்பிடும்போது, ஆங்கிலேயரைவிடக் கூடுதலாக ஏமாந்தார்கள். இந்த இரண்டாவது செய்தி மிக முக்கியமானது. 'காட்டுமிராண்டி' எதையும் தப்பாகத்தான் பார்ப்பான் என்ற கட்சியும், அவன் கண்ணை எதுவும் ஏமாற்றாது என்ற கட்சியும் ஒரே நாளில் தோற்றன. மயக்கம் என்பது கண்ணின் குறையோ நிறையோ அல்ல, படத்துக்குப் படம் வேறு காரணங்கள் உண்டு என்று அந்த எண்கள் சொல்லின.

அங்கிருந்துதான் இரண்டு கோடுகள் நீலகிரிக்கு ஏறின. 1901-ன் கடைசியில் ரிவர்ஸ் உதகமண்டலம் வந்து சேர்ந்தார். தோடர்களிடையே சில மாதங்கள் தங்கினார். அப்போது தோடர்களின் மொத்தத் தொகை சுமார் 800 மட்டுமே. மானிடவியல் உலகம் அவரை நினைவில் வைத்திருப்பது 1906-ல் வந்த 'தோடர்கள்' என்ற தடித்த நூலுக்காக: எருமைகள், பால்மனைச் சடங்குகள், வம்சாவளி அட்டவணைகள். அதற்கு ஓராண்டு முன்னால், புதிதாகத் தொடங்கியிருந்த பிரிட்டிஷ் உளவியல் இதழில் தோடர்களின் புலன்களைப் பற்றி அவர் எழுதிய கட்டுரை பலர் கண்ணில் படுவதில்லை. அதில் மந்துகள் எனப்படும் குடியிருப்புகளில் வாழ்ந்த மேய்ப்பர்கள் அதே படங்களைப் பார்க்கிறார்கள். விடையும் மெர் தீவின் விடையே: முல்லர்-லையரில் ஆங்கிலேயரைவிடக் குறைந்த மயக்கம், நட்ட கோடு படுத்த கோட்டில் கூடுதல் மயக்கம். கடல் நடுவே ஒரு தீவு, மலைமேல் ஒரு மேய்ச்சல் நிலம். இரண்டு மக்களுக்கும் ஒன்றோடொன்று எந்தத் தொடர்பும் இல்லை. ஆனாலும் ஒரே பக்கமாக விலகியிருந்தார்கள்.

தோடர் வீட்டைப் பார்த்தவர்களுக்கு அதன் வடிவம் மறக்காது. பீப்பாயை நெடுக்கில் பிளந்து கவிழ்த்ததுபோல, தரையிலிருந்து தரைக்கு வளைந்து இறங்கும் கூரை. மூங்கிலை வளைத்து, பிரம்பால் கட்டி, புல் வேய்ந்தது. குனிந்து தவழ்ந்தால்தான் நுழைய முடியும் என்னும்படி சிறு வாசல். உள்ளே உட்கார்ந்து அண்ணாந்து பார்த்தால் சுவர் எங்கே முடிகிறது, கூரை எங்கே தொடங்குகிறது என்று பிரித்துச் சொல்ல முடியாது. ஒரு மாநகர வீட்டில் எங்கு திரும்பினாலும் கண்ணில் படும் அந்த மூலை, இரண்டு சுவரும் விட்டமும் சந்திக்கும் அந்த மூன்று கோடுகள், இங்கே பக்கவாட்டில் எங்கும் இல்லை. ரிவர்ஸ் இதைக் காரணமாகக் காட்டவில்லை. சோதனைக்கு வந்தவர் தம்மிடம் கேட்ட கோட்டை மட்டும் கவனித்தார், படித்த ஆங்கிலேயரோ படத்தை முழுமையாக உள்வாங்கினார், வேறுபாடு அதனால் என்ற போக்கில்தான் அவர் எண்ணம் ஓடியது. மூலைகளைப் பற்றிப் பேச இன்னும் அறுபது ஆண்டுகள் ஆகவேண்டியிருந்தது.

இங்கே எனக்கு ரிவர்ஸோடு ஒரு வழக்கு உண்டு. தம் எண்கள் பழைய இன ஏணியைச் சாய்த்துவிட்டதைக் கண்ட அதே மனிதர், மெர் தீவு அறிக்கையில், புலன்களின் நுணுக்கங்களிலேயே சக்தியைச் செலவிடும் மக்களுக்கு அறிவின் மேல்மாடி வளராமல் போவது இயல்பு என்ற பொருள்பட எழுதினார். குறைவாக ஏமாந்தவர்களுக்குக் கிடைத்த பரிசு இது! ஏமாந்திருந்தால் மூடர்; ஏமாறாவிட்டால், கண்ணோடு நின்றுவிட்டவர். எந்தப் பக்கம் காய் விழுந்தாலும் தோற்பவன் ஒருவனே என்றால் அது ஆட்டமே அல்ல. தோடர் பெண்கள் பூத்துக்குளி என்னும் போர்வையில் கறுப்பும் சிவப்பும் கொண்டு தையல் போடுவதைப் பாருங்கள்: முன்னால் வரைந்த கோடு எதுவும் கிடையாது, நெசவின் இழைகளை ஒவ்வொன்றாக எண்ணிக்கொண்டே ஊசி போகிறது, ஒரு இழை தப்பினாலும் வடிவம் கோணிவிடும். அந்த எண்ணும் மனம் அறிவின் கீழ்மாடி என்று எந்தக் கணக்கில் சொல்வது? நேர்மையாக அளந்த கையும் நேர்மையின்றித் தீர்ப்பெழுதிய கையும் ஒருவருடையதாகவே இருக்கக்கூடும் என்பதற்கு அறிவியல் வரலாற்றில் இதைவிடத் தெளிவான பக்கம் எனக்குத் தெரியாது. பிற்காலத்து ரிவர்ஸ் வெகுவாக மாறினார். முதல் உலகப் போரில் மனம் சிதைந்து வந்த வீரர்களைக் கோழைகள் என்று தூற்றாமல் உட்கார்ந்து பேசிக் கேட்ட மருத்துவர் அவர். கவிஞர் சசூன் 1917-ல் அவரிடம்தான் வந்து சேர்ந்தார். 1922-ல் ரிவர்ஸ் இறந்தார்.

மூலைக்கு வருவோம். 1963-ல் ரிச்சர்டு கிரெகரி என்ற ஆங்கிலேய உளவியலாளர் புதிய விளக்கம் ஒன்றை முன்வைத்தார். அதைப் புரிந்துகொள்ள உங்கள் கைகளே போதும். இடது கையை முழுக்க நீட்டி உள்ளங்கையைப் பாருங்கள். வலது கையை அதில் பாதித் தூரத்தில் பிடியுங்கள். விழித்திரையில் வலது கையின் பிம்பம் இடது கையைப்போல் இரு மடங்கு. ஆனால் உங்களுக்கு இரண்டு கையும் ஏறக்குறைய ஒரே அளவாகத்தான் தெரியும். ஒரு கண்ணை மூடிக்கொண்டு, வலது கை இடது கையை ஓரமாக மறைக்கும்படி நகர்த்துங்கள். அப்போதுதான் வேறுபாடு எவ்வளவு பெரிது என்று பகீரென்று தெரியும். மூளை எப்போதும் தூரத்தைக் கணக்கில் எடுத்துக்கொண்டு அளவைத் திருத்திக்கொண்டே இருக்கிறது. எட்ட இருப்பதைப் பெருக்கும், கிட்ட இருப்பதை அடக்கும். இந்தத் திருத்தம் இல்லையென்றால் தெருமுனையிலிருந்து நடந்துவரும் பிள்ளை நொடிக்கு நொடி ஊதிப் பெருத்துக்கொண்டே வருவதாகத் தெரியும்.

இனி ஈர்க்குச்சிகளை நட்டுவைத்துப் பாருங்கள் என்கிறார் கிரெகரி. வெளிநோக்கிச் சிறகு விரித்த கோடு, அறைக்குள் நின்று பார்க்கும் மூலைபோல் இருக்கிறது: எட்ட இருப்பது. உள்நோக்கி மடங்கிய கோடு, தெருவில் நின்று பார்க்கும் கட்டடத்தின் வெளிமூலை: கிட்ட நீட்டிக்கொண்டிருப்பது. மூளை தன் வழக்கமான திருத்தத்தைத் தாளில் கிடக்கும் கோட்டின் மேலும் போட்டுவிடுகிறது. எட்ட இருப்பதாகக் கொண்டதைப் பெருக்கிக் காட்டுகிறது. வேலை சரி, போட்ட இடம் தவறு.

அந்தக் காலத்தில்தான் அமெரிக்காவில் சீகல், கேம்பெல், ஹெர்ஸ்கோவிட்ஸ் என்ற மூவர் ஒரு பெரிய வேலையில் இறங்கியிருந்தார்கள். பண்பாடு பார்வையின் அடிவேர்வரை போகும் என்பது மானிடவியலாளர் ஹெர்ஸ்கோவிட்ஸின் கட்சி; அவ்வளவு தூரம் போகாது என்று ஐயப்பட்டவர் உளவியலாளர் கேம்பெல். வாதிட்டுக்கொண்டிருப்பதைவிட அளந்தே பார்த்துவிடலாம் என்று, பெரும்பாலும் ஆப்பிரிக்காவிலும் ஓரிடம் பிலிப்பைன்ஸிலும் அமெரிக்காவிலுமாக ஏறத்தாழ 1,900 பேருக்குப் படங்களைக் காட்டினார்கள். நூல் 1966-ல் வந்தது. ஹெர்ஸ்கோவிட்ஸ் அதைப் பார்க்க இல்லை, 1963-லேயே இறந்துவிட்டார். சிகாகோவுக்கு அருகே உள்ள எவன்ஸ்டன் நகரத்தாருக்கு இரண்டு கோடுகளும் சமமாகத் தெரிய, ஒன்று மற்றதைவிட ஏறத்தாழ 20 சதவீதம் நீளமாக இருக்கவேண்டியிருந்தது. கலஹாரி பாலைநிலத்துச் சான் வேட்டுவர்களுக்கோ வேறுபாடு கிட்டத்தட்ட பூஜ்ஜியம். மூலைமட்டம் வைத்து அறுத்த மரமும் செங்கல்லும் கண்ணாடியும் சூழ்ந்த 'தச்சு உலகத்தில்' வளர்ந்தவனின் மூளை மூலைகளைப் படித்துப் படித்து இந்த மயக்கத்துக்கு ஆளாகிறது என்றார்கள். ரிவர்ஸின் பழைய எண்களுக்கு அறுபதாண்டு கழித்து ஒரு துணை கிடைத்தது. வளைகூரைக்கு அடியில் வாழ்ந்த தோடர்கள் ஏன் குறைவாக ஏமாந்தார்கள் என்பதற்கு விடை கிடைத்துவிட்டதாகவே தோன்றியது.

எனக்கும் நெடுநாள் அப்படித்தான் தோன்றியது. அழகான விளக்கம், மேடையில் சொன்னால் கைதட்டல் கிடைக்கும். ஆனால் அழுத்திப் பார்த்தால் பல இடங்களில் விரிசல். மூலையே காரணமென்றால், கோட்டின் முனைகளில் சிறகுக்குப் பதில் வட்டங்களை ஒட்டினால் மயக்கம் மறையவேண்டும், மறைவதில்லை. வயது ஏற ஏற மூலைகளைப் பார்த்த அனுபவமும் ஏறும், ஆகவே பெரியவர்கள் கூடுதலாக ஏமாறவேண்டும்; அந்த மூவரின் அளவையிலேயே குழந்தைகள்தாம் கூடுதலாக ஏமாந்தார்கள். பார்வையே இல்லாதவர்கள் இந்தப் படத்தை மேடாகச் செய்து விரலால் தடவும்போதும் மயங்குகிறார்கள். 1975-ல் கைகரும் போஜியோவும் ஈக்களுக்கு இந்தப் படத்தைக் காட்டி, ஈயும் தப்பவில்லை என்று எழுதினார்கள். ஈ எந்த அறையின் மூலையை அளந்து பழகியது? அண்மையில் தோர்சா அமீர், சாஸ் பயர்ஸ்டோன் என்ற இரு ஆய்வாளர்கள் இந்தச் சான்றுகளையெல்லாம் ஒருங்கே திரட்டி, பழைய ஒப்பீடுகளைப் புதிதாகச் சலித்துப் பார்த்து, தச்சு உலகக் கருத்து நிற்காது என்று வாதிட்டிருக்கிறார்கள்.

இந்த வழக்கின் இன்னொரு சாட்சி 1959-ல் பர்மிங்ஹாம் பக்கத்திலிருந்து வந்தார். எஸ்.பி. என்ற எழுத்துகளால் மட்டும் கிரெகரி அவரைக் குறித்தார். பத்து மாதக் குழந்தையாக இருந்தபோது போன பார்வை, 52 வயதில் கருவிழி மாற்று அறுவையால் திரும்பியது. கிரெகரி அவருக்குக் காட்டிய மயக்கப் படங்கள் அவரை அதிகம் மயக்கவில்லை. கோட்டால் வரைந்த நெக்கர் கனசதுரம் நமக்கு உள்ளும் வெளியுமாகப் புரளும். அவருக்குப் புரளவே இல்லை. பார்க்கப் பழகியவனுக்குத்தான் ஏமாறவும் தெரியும் என்று அவரைக் காட்டி எல்லாரும் எழுதினார்கள். ஆனால் அவர் ஒரே ஒருவர். பார்வை திரும்பிய மகிழ்ச்சி வடிந்து, சோர்வு கவ்வி, 1960-ல் இறந்தும் போனார். ஒருவரின் துயரத்தின் மேல் முழுக் கோட்பாட்டையும் கட்டியதை இன்று படிக்கையில் நெஞ்சு உறுத்துகிறது.

அவருக்கு எதிர்ச்சாட்சி நம் நாட்டிலிருந்து வந்தது. அமெரிக்காவின் எம்.ஐ.டி.யில் பணிபுரியும் பவன் சின்ஹா, பிறவிக் கண்புரையோடு வளரும் இந்தியக் குழந்தைகளுக்குச் சிகிச்சை கொடுத்து, பார்வை எப்படித் தொடங்குகிறது என்று அவர்களோடு சேர்ந்து அறியும் 'பிரகாஷ்' திட்டத்தை நடத்துகிறவர். வட இந்தியாவைச் சேர்ந்த 8 முதல் 16 வயது வரையிலான ஒன்பது குழந்தைகள். இருளும் ஒளியும் தெரியும் என்பதைத் தாண்டி உருவம் என்று எதையும் சரியாகக் கண்டறியாதவர்கள். அறுவை முடிந்து கட்டு அவிழ்த்த 48 மணி நேரத்துக்குள் அவர்கள்முன் படங்களை வைத்தார்கள்: தண்டவாளம்போல் குவியும் கோடுகளுக்கிடையே ஒரே நீளமுள்ள இரண்டு பட்டைகள் கொண்ட போன்ஸோ படம், பிறகு முல்லர்-லையரின் இரண்டு கோடுகள். அந்தக் கண்கள் அதுவரை எந்தச் சுவரின் மூலையையும் பார்த்து வளர்ந்தவை அல்ல. தண்டவாளம் தூரத்தில் குவிவதையும் பார்த்ததில்லை. முடிவு 2015-ல் வெளியானது.

எது நீளம் என்று கேட்டபோது, அந்தக் குழந்தைகளும் வெளிநோக்கிச் சிறகு விரித்த கோட்டைத்தான் காட்டினார்கள்.

(தொடரும்)